செவ்வூரணிக்கு வந்த கேமரா

செவ்வூரணிக்கு அந்தக் கேமரா வந்த நாளில் பல்லி சொல்லவில்லை, பூனை குறுக்கே போகவில்லை, ஊரணித் தண்ணீர் நிறம் மாறவில்லை; கூரியர்காரர் பைக்கைப் பூவரச மரத்து நிழலில் நிறுத்தி, ஓர் அட்டைப் பெட்டியைக் கொடுத்துக் கையெழுத்து வாங்கி, ஒரு செம்புத் தண்ணீர் கேட்டுக் குடித்துவிட்டுப் போனார், அவ்வளவுதான். பெட்டியை வாங்கியவள் பொற்கிளி. மிக்ஸி, குக்கர், தரை துடைக்கிற மாப் என்று எதை அனுப்பினாலும் ஒரு மாதம் வீட்டில் வைத்துப் புழங்கிப் பார்த்து, 'நம்ம வீட்டுக்கு ஆகுமா' என்ற தன்னுடைய யூடியூப் சேனலில், ஆகும் என்றால் ஆகும், ஆகாது என்றால் ஆகாது என்று தாட்சண்யம் பார்க்காமல் சொல்லிவிடுகிறவள் என்பதால், அவள் பேச்சை நம்பிச் சாமான் வாங்குகிற பெண்கள் ராமநாதபுரம் தொடங்கிச் சிங்கப்பூர் வரைக்கும் இருந்தார்கள்.

பெட்டியோடு ஒரு கடிதமும் இருபத்திரண்டு கேள்விகளும் வந்திருந்தன. எட்டு கே என்கிறார்களே, அந்தத் துல்லியத்தில் படம் பிடிக்கிற கேமரா இது, ஆனால் கேமராவைப் பற்றி ஒன்றும் தெரியாதவர்களுக்காகச் செய்தது, ஊரில் யார் கையில் வேண்டுமானாலும் கொடுங்கள், எடுக்கட்டும், முப்பது நாள் கழித்து உங்கள் தீர்ப்பைச் சொல்லுங்கள் என்றது கடிதம். ஒரே ஒரு பொத்தான்தான். அமுக்கினால் நான்கு நிமிடம் ஓடும், தானே நிற்கும், நடுவில் நிறுத்த வழி கிடையாது. எடுத்தது எடுத்தபடி பொற்கிளி வீட்டு டிவிக்குப் போய்ச் சேர்ந்து அங்கேயே தங்கிவிடும்.

முதலில் அவள் பூவரச மரத்தை எடுத்தாள். டிவியில் போட்டுப் பார்த்தபோது இலை நரம்புக்குள் ஓடுகிற பச்சை தெரிந்தது, பட்டையில் ஊர்ந்த எறும்பின் மீசை தெரிந்தது, மரம் தன் பக்கத்தில் நிற்பதைக் காட்டிலும் கூடுதலாகத் திரையில் நிற்பதுபோல இருந்தது. மறுநாள் காலையில் வாசல் பெருக்கப் போனவள் கை மரத்தில் பட்டு வழுக்கியது. பட்டை பிளாஸ்டிக் குழாய்போல வழுவழுவென்றிருந்தது. இலைகள் பச்சைக் காகிதத்தில் வெட்டி ஒட்டியதுபோல, ஒன்றிலும் ஒரு நரம்பில்லை. எறும்புகள் ஏறிப் பார்த்துச் சறுக்கிச் சறுக்கிக் கீழே விழுந்துகொண்டிருந்தன.

அவள் அதை யோசித்து முடிப்பதற்குள் டீக்கடை சோலைமலை கேமராவை வாங்கி, பூக்காரி செல்லத்தாயியை எடுத்துவிட்டிருந்தார். செல்லத்தாயிக்கு ஏழு வயதில் அம்மை போட்டு முகமெல்லாம் குழி. மறுநாள் அவள் பூக்கூடையோடு வந்தபோது குழி ஒன்றுகூட இல்லை, கழுவிக் கவிழ்த்த எவர்சில்வர் தட்டுப்போல இருந்தது முகம். "மாரி குடுத்தது, மாரி எடுத்துக்கிட்டா" என்று சொல்லிவிட்டு அவள் பாட்டுக்குப் பூக்கட்ட உட்கார்ந்தாள். ஊரும் பெரிதாக ஆச்சரியப்படவில்லை. நல்ல கேமரா என்றார்கள். அன்று மத்தியானமே டீக்கடையிலிருந்து பேருந்து நிறுத்தம் வரைக்கும் வரிசை நின்றது.

மச்சம் போக வேண்டியவர்கள் வந்தார்கள், மங்கு படர்ந்தவர்கள் வந்தார்கள், நெற்றிச் சுருக்கம் பிடிக்காதவர்கள் வந்தார்கள், வரன் தட்டிப்போன பெண்களை ஆத்தாமார்கள் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்தார்கள், ஒன்றுமே இல்லாதவர்கள் மற்றவர்கள் போகிறார்களே என்று வந்தார்கள். ஒரு முகத்துக்கு நான்கு நிமிடம் முழுசாக வேண்டும். இரண்டாம் நிமிடத்தில் ஈ விரட்டத் திரும்பிய நாவிதர் மணிவேலுக்குப் பாதி நெற்றியில் கோடும் பாதி நெற்றி மொழுக்கென்றும் நின்றுபோனது; மறுநாள் மறுபடி உட்கார்ந்து மீதியையும் கொடுத்துவிட்டுப் போனார். யார் கையில் கொடுத்தாலும் கேமரா வேலை செய்தது. பொற்கிளி தன்னையே எடுத்துப் பார்த்த முதல் வாரத்தில் அவளுடைய மேலுதட்டு மச்சமும் கன்னக்குழியும் போய்விட்டிருந்தன.

இரண்டாம் வாரம் ரேஷன் கடை மெஷின் ஒருத்தர் கட்டைவிரலையும் ஏற்கவில்லை. விரலில் ரேகை இருந்தால்தானே. கடைக்காரர் தலையைச் சொறிந்துவிட்டு, நோட்டுப் போட்டு எழுதி அரிசி கொடுத்தார். பள்ளிக்கூடத்தில் வாத்தியார் முகம் பார்ப்பதை நிறுத்திவிட்டு நம்பர் சொல்லி வருகை எடுத்தார். நாய்கள் யாரைப் பார்த்தும் குரைத்தன, பிறகு யாரைப் பார்த்தும் குரைக்கவில்லை. யாரோ ஆர்வக் கோளாறில் அம்மனையும் எடுத்துவிட, கருவறையில் மூக்கும் முழியும் இல்லாத ஒரு கறுப்புக் கல் நின்றது. பூசாரி வெள்ளிக் கண்ணும் வெள்ளி மூக்கும் ஒட்டி, இதுவும் அவள் கோலந்தான் என்று கற்பூரம் காட்டினார். மூன்றாம் வாரம், சந்தையிலிருந்து கூட வந்தது தன் புருசன் இல்லை என்று ஒருத்தி வாசல்படி ஏறிய பிறகுதான் கண்டுபிடித்தாள். அன்றைக்குத்தான் ஊர் கூடி, ஆணும் பெண்ணும் துணியில் பேர் தைத்துப் போட்டுக்கொள்வது என்று முடிவு செய்தது.

பேர் தைத்துக் கொடுக்க ஊரில் ஒரே ஒரு தையல் கடைதான். அதை வைத்திருந்தவள் பொற்கிளியின் அக்கா இருளாயி.

இருளாயிக்குக் காது முதல் கழுத்து வரை வெந்து தழைந்த முகம். இடது கண் பாதிதான் திறக்கும். பதினேழு வருடமாக அவள் கடைத்தெருவில் மெஷினைத் தெருப் பார்க்கப் போட்டு உட்கார்ந்து தைக்கிறாள். நேரெதிரே தவசியின் டயர் கடை. தவசி அவளைத் தாலி கட்டியவன். அந்த வீட்டில்தான் அவள் வெந்தாள். ஸ்டவ் வெடித்துவிட்டது என்று ஆஸ்பத்திரிக் கட்டிலில் மாஜிஸ்ட்ரேட்டிடம் அவளே சொன்னாள். பக்கத்தில் நின்று அதைக் கேட்ட பொற்கிளிக்கு அப்போது வயது பதினான்கு. பெற்றோர் இல்லாத அவளுக்கு அக்கா ஒருத்திதான். அக்கா ஏன் அப்படிச் சொன்னாள் என்று அவள் கேட்டதுமில்லை, அக்கா சொன்னதுமில்லை. ஆனால் கல்யாணம் என்று யார் பேச்செடுத்தாலும் பொற்கிளி எழுந்து போய்விடுவாள். ஒரு சொல் பேசாமல், ஒரு நாள் கடையடைக்காமல், இருளாயி அந்த முகத்தை அவன் எதிரே வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். அதுதான் அவளுடைய வழக்கு.

இப்போது ஊரில் முகமென்று மிச்சமிருந்தது அது ஒன்றுதான். அவள் கேமரா முன் உட்காரவில்லை. கவுன்சிலர் அமராவதி நான்கு பெண்களைக் கூட்டிக்கொண்டு வந்தாள்.

"ஏத்தா இருளாயி, ஊரே எடுத்துக்கிருச்சு. ஒனக்கு மட்டும் என்னத்தா? மத்தவுகளுக்கு மச்சந்தான் போச்சு. ஒனக்குத் தலையெழுத்தே மாறும்ல?"

"வேணாம் மதினி."

"ஒன் மூஞ்சி ஒண்ணுதான் ஊர்ல மூஞ்சியா நிக்குது. அதப் பாத்து பிள்ளைக அழுகுதுக. ஆம்பளைக இந்தத் தெருப்பக்கம் வரவே யோசிக்கிறாக."

"யோசிக்கட்டும்" என்றாள் இருளாயி. நூலைப் பல்லால் கடித்து அறுத்தாள்.

பொற்கிளி அதற்குள் பயந்துபோயிருந்தாள். கம்பெனிக்கு எழுதினாள், உங்கள் கருத்துக்கு நன்றி, முப்பது நாள் முடிந்ததும் விரிவாகச் சொல்லுங்கள் என்று பதில் வந்தது. கேமராவைத் திருப்பி வாங்கிப் பூட்டி வைக்கலாமென்று வீடு வீடாகப் போனாள். பக்கத்து வீட்டில் இருக்கிறது என்றார்கள். பக்கத்து வீட்டில் எதிர்வீட்டைக் காட்டினார்கள். முகத்தைப் பார்த்து யார் பொய் சொல்கிறார்கள் என்று தெரிந்துகொள்கிற காலம் போய்விட்டிருந்தது.

இருபத்தாறாம் நாள், வெயில் உச்சிக்கு ஏறியிருந்த நேரம், பொற்கிளி கடையின் பின்கட்டில் ரசத்துக்குப் புளி கரைத்துக்கொண்டிருந்தாள். முன்னால் அக்காவின் மெஷின் சத்தம் நின்றது. வாடிக்கையாளராக இருக்கும் என்று நினைத்தாள். மெஷின் மறுபடி ஓடவில்லை. கையைச் சேலையில் துடைத்துக்கொண்டு நிலைப்படிக்கு வந்து பார்த்தாள்.

ஒரு மனிதன் நின்றிருந்தான். பேர் தைக்காத புதுச் சட்டை. கையில் கேமரா. அதன் சிவப்பு விளக்கு எரிந்துகொண்டிருந்தது. அவனும் இருளாயியும் ஒரு முழத் தூரத்தில் நேருக்கு நேர் இருந்தார்கள், அவள் நாற்காலியை விட்டு எழவில்லை. பொற்கிளி ஓடிவந்து பிடுங்கப் போனாள்.

"கிளி, நில்லு" என்றாள் இருளாயி. "எடுக்கட்டும். நாலு நிமிசந்தானே."

பிறகு அவள் கண்ணாடி வில்லையைப் பார்த்து, வாய் கோணாமல் பேசுவதற்கு எப்போதும் செய்வதுபோல நாடியை ஒரு விரலால் தாங்கிக்கொண்டு, ரேஷன் கடையில் விவரம் சொல்கிற குரலில் சொல்ல ஆரம்பித்தாள்.

"எம் பேரு இருளாயி. அப்பன் பேரு கருப்பணன். பதினேழு வருசத்துக்கு முன்னாடி, மாசி மாசம், வியாழக்கெழமை, மத்தியானம். ஸ்டவ் வெடிக்கல. ஸ்டவ்வுல அன்னைக்கு எண்ணெயே கெடையாது, நான் வெறகுலதான் சோறு வடிச்சேன். கொழம்புல உப்புக் கூடிப்போச்சுன்னு பேச்சு வந்துச்சு. கட்டிலுக்கு அடியில இருந்த மண்ணெண்ணெய் கேன எடுத்தது தவசி. எம்மேல ஊத்துனது தவசி. குச்சியக் கிழிச்சதும் அவந்தான். வெளிய போயிக் கதவத் தாழ்ப்பாப் போட்டதும் அவந்தான். நான் உள்ள கெடந்து கத்துனது இந்தத் தெருவுக்கே கேட்டுச்சு."

 அந்த மனிதன் கேமராவைத் திருப்பவில்லை. திருப்பினால் தழும்பு பாதிதான் போகும், பாதி நின்றுவிடும். முழுசாகப் போக வேண்டுமென்றால் முழுசாகக் கேட்டாக வேண்டும். வியர்வை அவனுடைய மொழுக்கென்ற முகத்தில் தங்க இடமில்லாமல் நேராக வழிந்து சட்டையில் சொட்டியது.

"மூணாம் நாளு ஆஸ்பத்திரிக்கு ஏழு பேரு வந்தாக. ஆப்பிளு வாங்கிட்டு வந்தாக." ஏழு பேரின் பேரையும், இன்னார் மகன் இன்னார் என்று தகப்பன் பேரோடு சொன்னாள். அதில் டீக்கடை சோலைமலை இருந்தார், நாவிதர் மணிவேல் இருந்தார். "கட்டிலச் சுத்தி நின்னாக. 'ஒனக்குப் பதினாலு வயசுல ஒரு தங்கச்சி இருக்கா, அவ இந்தத் தெருவுலதான் நடந்து பள்ளிக்கூடம் போகணும், பாத்துக்க'ன்னு சொன்னாக. அதுக்குப் பெறகுதான் மாஜிஸ்ட்ரேட்டு ஐயா வந்தாரு. ஸ்டவ் வெடிச்சிருச்சுன்னு சொன்னேன்."

பொற்கிளி நிலையைப் பிடித்துக்கொண்டாள். பள்ளிக்கூடத்துக்குப் போன அந்த வழி, தினமும் அந்தத் தெருவில் 'என்னத்தா, நல்லாப் படிக்கிறியா' என்று விசாரித்த குரல்கள், ஒரு நாள் சோலைமலை கூப்பிட்டுக் கொடுத்த இலவச வடை எல்லாம் ஒவ்வொன்றாக நினைவில் வந்தன. தான் நடந்த ஒவ்வொரு அடிக்கும் அக்கா முகத்தைக் கொடுத்திருக்கிறாள்.

சிவப்பு விளக்கு அணைந்தது. அந்த மனிதன் கேமராவை வெட்டுத் துணிகளின்மேல் வைத்துவிட்டுத் தெருவில் இறங்கினான். வெள்ளிக்கிழமைச் சந்தைக் கூட்டம். பத்தடி நடப்பதற்குள் எது அவன் என்று யாருக்கும் சொல்ல முடியாமல் போனது.

மறுநாள் விடிந்தபோது இருளாயிக்குத் தழும்பு இல்லை. இரண்டு கண்ணும் ஒரே அளவாகத் திறந்தன. அவள் கண்ணாடியைத் தேடவில்லை. விரலால் காதிலிருந்து கழுத்துவரை ஒருமுறை தடவினாள். "வெயில் பட்டா இழுக்கும்" என்றாள். "இப்ப இழுக்கல." பொற்கிளி அவள் மடியில் முகத்தைப் புதைத்து அழுதாள். டயர் கடை அன்று திறக்கவில்லை. அதற்குப் பிறகு திறக்கவேயில்லை.

பொற்கிளி டிவியில் இருந்ததை ஒரு பென்டிரைவில் ஏற்றிக்கொண்டு பக்கத்து ஊர்க் காவல் நிலையத்துக்குப் போனாள். இன்ஸ்பெக்டர் ஜோஸ்பின் என்ற பெண், நாடியில் ஒரு வெட்டுத் தழும்போடு இருந்தவர், நான்கு நிமிடமும் இமை கொட்டாமல் பார்த்தார். மறுநாளே ஜீப் வந்தது. கடைத்தெரு ஆண்களை எல்லாம் வரிசையாக நிறுத்தினார். முப்பத்தொரு ஆண்கள். முப்பத்தொரு பேர் தைத்த முப்பத்தொரு சட்டைகள். தவசி என்று ஒரு சட்டையில்கூட இல்லை. ஊரைவிட்டுப் போய்விட்டான் என்றார்கள். போனதைப் பார்த்தவர் யாருமில்லை. வீட்டுப் பெண்களைக் கூப்பிட்டு, இது உன் புருசன்தானா, இது உன் அண்ணன்தானா என்று கேட்டார். ஒவ்வொருத்தியும் தரையைப் பார்த்துக்கொண்டே ஆமாம் என்றாள்.

இன்ஸ்பெக்டர் டிவியைத் தெருவுக்குக் கொண்டுவரச் சொன்னார். ஸ்டூல்மேல் வைத்துப் போட்டார்கள். பட்டப்பகலில், முப்பத்தொரு வழுவழுத்த முகங்களுக்கு எதிரே, வெந்த முகம் ஒன்று திரை நிறைய எழுந்தது. தோலின் ஒவ்வொரு முடிச்சும், அரைக் கண்ணின் ஒவ்வொரு இமைமுடியும் தெரிந்தது. தவசி என்று அது சொன்னபோது எவன் தலை குனிகிறானோ அவனைப் பிடிப்பது என்று ஜோஸ்பின் நினைத்திருந்தார். தவசி என்று அது சொன்னது. முப்பத்தொரு தலையும் குனிந்தது.

"இதுல ஒன் புருசன் யாரும்மா?" என்று இன்ஸ்பெக்டர் மெல்லக் கேட்டார்.

இருளாயி வரிசையின் இந்த முனையிலிருந்து அந்த முனைவரை நடந்து போய்த் திரும்பி வந்தாள். "தெரியலம்மா" என்றாள்.

கேமராவைக் காகிதத்தில் பொதிந்து சாட்சிப் பொருளாக எடுத்துக்கொண்டு ஜீப் போனது. பத்து நாள் கழித்து ஒரு பெண் போலீஸ் வந்து, விசாரணை முடிந்தது, மேலே நடத்த வழியில்லை என்றார். படத்தில் பேசுகிறவள் இருளாயிதான் என்று எதை வைத்துச் சொல்வது, முகம் ஒத்துப்போகவில்லை, ரேகையும் இல்லை என்றார். பொற்கிளி இன்ஸ்பெக்டர் அம்மாவைப் பார்க்க வேண்டும் என்றாள். "நான்தான் ஜோஸ்பின்" என்றார் அவர். நாடியில் தழும்பு இல்லை.

பொற்கிளி இருபத்திரண்டு கேள்விகளுக்கும் நேரே ஆகாது, ஆகாது என்று எழுதி அனுப்பினாள். சேனலிலும் சொன்னாள். வீடியோவின் கீழே, முகம் மாறி நன்றாக இருக்கிறீர்கள் அக்கா, எந்தக் கடையில் கிடைக்கும் என்று ஆயிரம் பேர் கேட்டிருந்தார்கள். தீபாவளிக்கு எல்லா ஊர்க் கடைகளிலும் வருகிறது என்று கம்பெனி பதில் போட்டிருந்தது.

அன்று சாயங்காலம் இருளாயி மெஷினுக்கு எண்ணெய் விட்டுக்கொண்டே பேசினாள்.

"கிளி, அது தோலத்தானே எடுத்துச்சு. எலும்ப எடுக்கலையே?"

"என்னக்கா சொல்ற?"

"கல்யாணமாகி மூணு மாசத்துல அவனுக்கு ஒரு சட்ட தச்சேன். ஒரே ஒரு சட்ட. கழுத்து பதினாறே காலு. எடது தோளு வலத விட முக்கா இஞ்சு எறக்கம். டயரு தூக்கித் தூக்கி எறங்குனது. ரெண்டு தோளும் ஒண்ணாத் தச்சுட்டேன்னு அன்னைக்கு வாங்குன அடி மறக்குமா?"

மறுநாள் அவள் கடை வாசலில் ஓர் அட்டை தொங்கியது. தைத்த பேர்கள் நூல் பிரிகின்றன, கடைத்தெரு ஆண்கள் எல்லாரும் வந்து அளவு கொடுத்தால் பேரோடு புதுச் சட்டையாகத் தைத்துத் தரப்படும் என்று எழுதியிருந்தது. குனிந்த தலை இன்னும் நிமிராத ஊர், அவள் கேட்டதைத் தட்டவில்லை. காலையிலேயே வரிசை வந்துவிட்டது. ஒருவர் ஒருவராகப் படியேறினார்கள். யாரும் கேட்காமலே ஒவ்வொருவரும், "நான் தவசி இல்ல தாயி" என்று முதலில் சொன்னார்கள், அதன் பிறகுதான் தங்கள் பேரைச் சொன்னார்கள்.

"இருக்கட்டும். நேரா நில்லுங்க" என்பாள் இருளாயி. டேப்பைக் கழுத்தில் சுற்றுவாள். தோளில் வைப்பாள். அளவைச் சொல்வாள், பொற்கிளி நோட்டில் எழுதுவாள். பதினைந்தரை. பதினாலே முக்கால். பதினாறு. தோள் இரண்டும் சமம். அடுத்து.

பதினான்காவதாக ஏறியவனும் "நான் தவசி இல்ல தாயி" என்றான். சட்டையில் வீரபத்திரன் என்று சிவப்பு நூலில் இருந்தது. இருளாயி டேப்பைச் சுற்றினாள். அளவைச் சொல்லவில்லை. தோளுக்குப் போனாள், வலது, பிறகு இடது. மறுபடி வலது, மறுபடி இடது. எழுதத் தயாராக இருந்த பொற்கிளி நிமிர்ந்து பார்த்தாள். அக்காவின் முகத்தில் ஒன்றும் தெரியவில்லை, அதில் தெரிவதற்கு ஒன்றும் இல்லை. ஆனால் டேப்பை அவள் அவன் கழுத்திலிருந்து எடுக்காமல், இரண்டு நுனியையும் ஒரு கையில் சேர்த்துப் பிடித்திருந்தாள். மறு கையால் வெட்டு மேசையில் கத்தரிக்கோலைத் துழாவிக்கொண்டிருந்தாள்.

"கிளி" என்றாள் இருளாயி. "கதவச் சாத்து."

பொற்கிளி எழுந்து போய்க் கதவைச் சாத்தித் தாழ்ப்பாள் போட்டாள். வெளியே வெயிலில் வரிசையாக நின்ற பதினேழு பேருக்கும் அந்தச் சத்தம் கேட்டது. சற்று நேரத்தில் உள்ளேயிருந்து வந்த இன்னொரு சத்தமும் கேட்டது. ஒருவரும் கதவைத் தட்டவில்லை.